ஆறேகாலின் பதிவேடு

(இரண்டாம் ஆண்டு பி.எஸ்ஸி., புள்ளியியல்)

புள்ளி வரைபடம் என்பது எங்கள் துறையில் முதலாண்டிலேயே சொல்லித்தரும் எளிய பாடம். ஓர் ஊரின் வரைபடத்தை எடுத்துக்கொண்டு, இத்தனை பேருக்கு ஒரு புள்ளி என்று கணக்கு வைத்து, அவர்கள் வாழும் இடங்களில் புள்ளி வைத்துக்கொண்டே போக வேண்டும். சென்ற பருவத்தில் ஒரு நாள் எங்கள் பேராசிரியர் அப்படிப்பட்ட வரைபடம் ஒன்றின் பிரதியை வகுப்பில் காட்டி, "இதைப் பார்த்தால் என்ன தெரிகிறது, சொல்லுங்கள்" என்றார். நகரின் நடுவில் அடர்த்தி அதிகம் என்றான் ஒருவன். தெற்கே புதிய தெருக்களிலும் கூட்டம் இருக்கிறது என்றாள் ஒருத்தி. என் முறை வந்தபோது எனக்கு ஒன்றும் தோன்றவில்லை. "வேலை சுத்தமாக இருக்கிறது ஐயா" என்றேன். வகுப்பு சிரித்தது. பேராசிரியர் சிரிக்கவில்லை.

அது 1941 மே மாதத்தில் ஆம்ஸ்டர்டாம் நகராட்சியின் புள்ளியியல் அலுவலகம் தயாரித்த வரைபடம். நகரில் யூதர்கள் எங்கெங்கே வாழ்கிறார்கள் என்பதைக் காட்டுவது. ஒரு புள்ளிக்குப் பத்து யூதர். அடுத்த ஆண்டு ஜூலையில் அந்தத் தெருக்களிலிருந்து ரயில்கள் புறப்படத் தொடங்கின.

'சுத்தமான வேலை' என்று நான் சொன்ன சொல் என்னை விடவில்லை. அதற்கு ஒரு காரணம் உண்டு. எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். அப்பா தண்ணீர் லாரி ஓட்டுகிறார். அம்மா மயிலாப்பூர் வீடுகளில் சமையல் வேலை செய்கிறார். எங்கள் தெருவில் ரேஷன் அட்டை விண்ணப்பமா, முதியோர் உதவித்தொகையா, வங்கிப் படிவமா, எல்லாம் என்னிடம்தான் வரும். "அவன் படிச்சவன், தப்பா எழுத மாட்டான்" என்பார்கள். படித்தவன் தப்பாக எழுத மாட்டான் என்பதை நானும் நம்பியிருந்தேன்.

வரைபடத்தைப் பார்த்த இரண்டு வாரத்தில் நாட்டு நலப்பணித் திட்டத்தின் சார்பில் கணக்கெடுப்புக்குப் போனோம். மயிலாப்பூரில் பக்கிங்காம் கால்வாய் ஓரம், பறக்கும் ரயில் பாலத்தின் நிழலில் உள்ள வீடுகள். குடிநீர் வசதி, கழிப்பறை வசதி, வீட்டில் எத்தனை பேர், பெயர் என்ன, வயது என்ன. மூன்றாவது வீட்டுக்காரர் கதவருகிலேயே நின்று, "முன்னே ஒருவாட்டி இப்படித்தான் வந்து எழுதிக்கினு போனாங்க. ஆறு மாசத்துல பாதித் தெருவை ஊருக்கு வெளியே கொண்டுபோய் விட்டாங்க. நீ எதுக்கு எழுதுறே, சொல்லு" என்றார். கல்லூரிக்காக என்றேன். "எழுதினதை யார் கையில குடுப்பே?" என்றார். அதற்கு என்னிடம் பதில் இல்லை.

இந்த இரண்டு நிகழ்ச்சிகளும்தான் இக்கட்டுரைக்குக் காரணம். அந்த ஆம்ஸ்டர்டாம் வரைபடம் யாருடைய ஆட்சியில் வரையப்பட்டதோ அவரைப் பற்றிக் கோட்டூர்புரம் அண்ணா நூற்றாண்டு நூலகத்தில் உட்கார்ந்து, அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு படித்தேன். வரலாற்றுத் துறை நண்பர்கள் என் அத்துமீறலைப் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

அவர் பெயர் ஆர்தர் சைஸ்-இன்குவார்ட். 1892 ஜூலை 22 அன்று, அன்றைய ஆஸ்திரிய-ஹங்கேரிப் பேரரசைச் சேர்ந்த மொராவியாவில், ஸ்டன்னர்ன் என்ற சிற்றூரில் பிறந்தார். இன்று அவ்வூர் செக் குடியரசில் இருக்கிறது. தந்தை பள்ளித் தலைமையாசிரியர். குடும்பத்தின் பழைய பெயர் ஸாய்ட்டிச் என்பது; அது செக் பெயர். பிற்காலத்தில் பிறருடைய பாட்டன் பாட்டி யாரென்று படிவம் போட்டுக் கேட்ட மனிதரின் குடும்பம், தன் பெயரை மாற்றிக்கொண்ட குடும்பம். வியன்னாப் பல்கலைக்கழகத்தில் சட்டம் பயின்றார். முதல் உலகப் போரில் படைவீரராக இருந்துகொண்டே 1917-இல் சட்ட முனைவர் பட்டம் பெற்றார். 1921 முதல் வியன்னாவில் வழக்கறிஞர். கண்ணாடி அணிந்தவர், இசைப் பிரியர், சத்தமாகப் பேசாதவர். மலையேற்றத்தில் ஏற்பட்ட விபத்தால் ஒரு கால் சற்று நொண்டும்.

இப்படிப்பட்டவர்கள் ஹிட்லரின் கட்சிக்கு எதற்கு வேண்டும் என்று தோன்றலாம். தெருச்சண்டை போட அக்கட்சியில் ஆள் பஞ்சமே இல்லை. கையெழுத்துப் போடத்தான் ஆள் வேண்டியிருந்தது. 1938 பிப்ரவரியில் ஹிட்லர் ஆஸ்திரியப் பிரதமர் ஷுஷ்னிக்கை வரவழைத்து மிரட்டியபோது கேட்டவற்றுள் ஒன்று, சைஸ்-இன்குவார்ட்டை உள்துறை அமைச்சராக்க வேண்டும் என்பது. காவல்துறை அவர் கைக்கு வந்தது. மார்ச் 11 அன்று பிரதமரானார். 13 அன்று ஆஸ்திரியாவை ஜெர்மனியோடு இணைக்கும் சட்டத்தில் கையெழுத்திட்டார். ஒரு நாட்டின் பிரதமராக அவர் இருந்தது இரண்டே நாள். அந்த இரண்டு நாளும் அந்த நாட்டை முடித்துவைக்கவே பயன்பட்டன. நாஜிக் கட்சியில் அவர் முறைப்படி உறுப்பினரானதும் அந்த வாரத்தில்தான். 1939 அக்டோபரில், பிடிபட்ட போலந்தின் தலைமை ஆளுநர் ஹான்ஸ் ஃபிராங்குக்குத் துணையாளராக அனுப்பப்பட்டார். ஃபிராங்கும் ஒரு வழக்கறிஞரே.

1940 மே 10 அன்று ஜெர்மனி நெதர்லாந்தின்மீது, அதாவது நாம் பழக்கத்தில் ஹாலந்து என்று சொல்லும் நாட்டின்மீது படையெடுத்தது. 13 அன்று அரசி வில்ஹெல்மினா லண்டனுக்குப் போய்விட்டார். மறுநாள் ராட்டர்டாம் நகரம் குண்டுவீச்சில் எரிந்தது. டச்சுப் படை பணிந்தது. மே 29 அன்று, ஹேக் நகரில் ஆண்டுதோறும் டச்சு அரசர்கள் நாடாளுமன்றத்தைத் திறந்துவைக்கும் பழைய மண்டபத்தில், ஹிட்லரின் ஆணையராக சைஸ்-இன்குவார்ட் பதவியேற்றார். எங்கள் கொள்கையை உங்கள்மீது திணிக்க மாட்டோம், உங்கள் சட்டங்கள் இயன்றவரை அப்படியே நடைமுறையில் இருக்கும் என்று பேசினார். டச்சு மக்கள் அவருடைய பெயரை 'ஸெஸ் என் எய்ன் குவார்ட்' என்று திரித்தார்கள். தமிழில் சொன்னால் 'ஆறேகால்'. நொண்டும் காலுக்கும் அது பொருந்தியதால் ஊரெல்லாம் பரவியது. நானும் இனி அவரை ஆறேகால் என்றே எழுதுகிறேன், கை வலிக்காமல் இருக்கும்.

டச்சுக்காரர் என்றதும் நமக்குப் பழவேற்காடு நினைவுக்கு வரும். பதினேழாம் நூற்றாண்டில் அங்கே கோட்டை கட்டி, துணியோடு மனிதரையும் அடிமைகளாகக் கப்பலேற்றியவர்கள் அவர்கள். 1940-இல்கூட இந்தோனேசியா அவர்கள் பிடியில்தான் இருந்தது. ஆகையால் ஆக்கிரமிப்பு என்பது அவர்களுக்குத் தெரியாத பொருளன்று. மறுபக்கத்திலிருந்து தெரியாது, அவ்வளவே.

ஹாலந்துக்கும் சென்னைக்கும் அந்தப் போர்க்காலத்தில் இன்னொரு தொடர்பும் இருந்தது. அடையாறு பிரம்மஞான சபையின் ஆலமரத்தைப் பார்க்கப் போகாத மாணவர் நம்மில் குறைவு. அந்தத் தோட்டத்தில்தான், குழந்தைக் கல்வி முறையால் உலகப் புகழ் பெற்ற மரியா மாண்டிசோரி அம்மையார் போர்க்காலத்தைக் கழித்தார். இத்தாலியரான அவர் முசோலினியின் நாட்டை விட்டு வெளியேறி, ஸ்பெயினில் உள்நாட்டுப் போர் வெடித்ததும் ஹாலந்துக்குச் சென்று குடியிருந்தார். ஜார்ஜ் அருண்டேலும் ருக்மிணி தேவியும் அழைக்க, 1939 இறுதியில் மகன் மாரியோவுடன் சென்னை வந்தார். அடையாற்றில் ஓலைக் கொட்டகைகளில் ஏறத்தாழ 300 ஆசிரியர்களுக்குப் பயிற்சி நடந்தது. சில மாதத்தில் திரும்பிவிடுவதாக ஏற்பாடு. 1940 ஜூனில் இத்தாலி போரில் குதித்ததும் ஆங்கில அரசு அவரை எதிரி நாட்டவராகக் கணக்கிட்டது. மாரியோவைக் காவல் முகாமுக்கு அனுப்பியது. அம்மையார் அடையாற்றை விட்டு நகரக் கூடாது என்றது. ஆகஸ்ட் 31, அவருடைய எழுபதாவது பிறந்த நாள். அன்று வைசிராய் மகனை விடுதலை செய்து அனுப்பினார். ஆனால் மாரியோவின் நான்கு குழந்தைகளும் ஹாலந்திலேயே இருந்தனர். ஓராயிரம் இந்தியக் குழந்தைகளின் கல்விக்கு அடையாற்றில் வழி வகுத்த பாட்டிக்குத் தம் பேரக்குழந்தைகள் ஆறேகாலின் ஆட்சியில் ஐந்து வருடம். 1946-இல்தான் ஐரோப்பா திரும்பினார்.

ஆம்ஸ்டர்டாமில் அம்மையாரின் முறைப்படி நடந்த பள்ளி ஒன்றில் ஆன் ஃபிராங்க் என்ற சிறுமி 1934 முதல் படித்துக்கொண்டிருந்தாள். 1941-இல் யூதக் குழந்தைகள் தனிப்பள்ளிக்குப் போக வேண்டும் என்று உத்தரவு வந்தபோது அந்தப் பள்ளியை விட்டுப் போனாள். பிறகு ஒளிந்திருந்த மாடியில் அவள் எழுதிய நாட்குறிப்பை நம்மில் பலர் பாடநூல் வழியாகவாவது அறிவோம். 1943 பிப்ரவரியில் காந்தியடிகள் இருந்த உண்ணாநோன்பைப் பற்றிக்கூட அதில் ஒரு வரி உண்டு. நம் ஊர்ச் செய்தி அந்த மாடி வரை போயிருக்கிறது.

இப்போது பதிவேட்டுக்கு வருகிறேன். ஆறேகால் வந்தவுடன் யாரையும் சுடவில்லை. முதலில் வந்தது ஒரு படிவம். 1940 அக்டோபரில் அரசு ஊழியர், ஆசிரியர், பேராசிரியர் அனைவருக்கும் இரண்டு தாள் அனுப்பப்பட்டது. யூத மூதாதையர் இல்லை என்றால் 'அ' தாள், உண்டு என்றால் 'ஆ' தாள். நிரப்பிக் கையெழுத்திட்டு மேலதிகாரியிடம் தர வேண்டும். ஏறத்தாழ எல்லோரும் தந்தார்கள். நாட்டின் உச்ச நீதிமன்ற நீதிபதிகளும் தந்தார்கள். அந்த மன்றத்தின் தலைவர் ஃபிஸ்ஸர் ஒரு யூதர் என்று தெரிந்தே தந்தார்கள். அடுத்த மாதம் 'ஆ' தாள் கொடுத்தவர்கள் எல்லாரும் வேலையிலிருந்து நிறுத்தப்பட்டார்கள், ஃபிஸ்ஸர் உட்பட.

அப்படி நிறுத்தப்பட்டவர்களில் லைடன் பல்கலைக்கழகச் சட்டப் பேராசிரியர் மெய்யர்ஸும் ஒருவர். 1940 நவம்பர் 26 காலை அவர் நடத்த வேண்டிய வகுப்பு நேரத்தில், அவருடைய பழைய மாணவரும் சட்டப் புலத்தின் தலைவருமான கிளெவரிங்கா மேடையேறினார். ஆக்கிரமிப்பாளரை ஒரு வார்த்தை ஏசவில்லை. மெய்யர்ஸ் யார், என்னென்ன எழுதினார், சட்டத்துக்கு என்ன செய்தார் என்று ஒவ்வொன்றாகச் சொன்னார். அத்தகைய மனிதரைத்தான் நீக்கியிருக்கிறார்கள் என்று முடித்தார். அன்றிரவே மாணவர்கள் அந்த உரையைத் தட்டச்சு செய்து மற்ற ஊர்களுக்கு அனுப்பினார்கள். லைடனிலும் டெல்ஃப்டிலும் மாணவர் வேலைநிறுத்தம் நடந்தது. இரண்டையும் ஆட்சி மூடியது. கிளெவரிங்கா எட்டு மாதம் சிறையில் இருந்தார். அவரும் சட்டம் படித்தவர், ஆறேகாலும் சட்டம் படித்தவர். மெய்யர்ஸ் முகாமிலிருந்து உயிரோடு திரும்பினார். டச்சு நாட்டின் புதிய உரிமையியல் சட்டத்தை எழுதும் பணி 1947-இல் அவரிடமே ஒப்படைக்கப்பட்டது.

அடுத்த உத்தரவு 1941 ஜனவரி 10. பாட்டன் பாட்டி நால்வரில் ஒருவர் யூதராக இருந்தாலும் பதிந்துகொள்ள வேண்டும். பதிவுக்கு ஒரு கில்டர் கட்டணம் வேறு. 1,60,820 பேர் பதிந்தார்கள். அவர்களில் 1,40,552 பேர் 'முழு யூதர்'. ஏன் இத்தனை பேர் போய்ப் பதிந்தார்கள் என்று நான் முதலில் வியந்தேன். பிறகுதான் புரிந்தது, பதியாமல் இருந்தாலும் பயனில்லை. ஹாலந்தில் ஒவ்வொரு குடிமகனுக்கும் நகராட்சியில் ஓர் அட்டை உண்டு. பிறப்பு, முகவரி, மணம், மதம், எல்லாம் அதில் இருக்கும். 'மதம்' என்ற கட்டம் போருக்கு முன்பே, யாருக்கும் எந்தத் தீய எண்ணமும் இல்லாத காலத்திலேயே, சபைகளின் கணக்குக்காக நிரப்பப்பட்டது. வீடு மாறினால் அட்டையும் கூடவே மாறும். உலகிலேயே சிறந்த பதிவேடு என்று அவர்கள் பெருமைப்பட்ட பதிவேடு அது.

அதன் தலைமை அலுவலர் ஜேக்கப் லென்ட்ஸ். இவரைப் பற்றிப் படித்தபோதுதான் எனக்கு உண்மையில் பயம் வந்தது. ஆறேகால் வெளியிலிருந்து வந்தவர், கட்சிக்காரர். லென்ட்ஸ் நம்மைப் போன்ற ஆள். தொழிலில் பற்று, கணக்கில் பிழை பொறாத குணம். 1940 மார்ச்சில், படையெடுப்புக்கு முன்பே, நாட்டு மக்கள் எல்லோருக்கும் அடையாள அட்டை வேண்டும் என்று சொந்த அரசிடம் கேட்டிருக்கிறார். ஒழுங்காக வாழும் மக்களைக் குற்றவாளிகள்போல் நடத்துவது நம் மரபன்று என்று அரசு மறுத்துவிட்டது. ஆக்கிரமிப்பு ஆட்சி அனுமதித்தது. ஒளிப்படம், கைரேகை, போலி செய்ய முடியாத மை, தலைமை அலுவலகத்தில் ஒரு பிரதி என்று அவர் செய்த அட்டையைப் பார்த்து, எங்கள் ஜெர்மன் அட்டையைவிட இது மேல் என்று அவர்களே சொன்னார்கள். பின்னர் யூதர்களின் அட்டையில் 'ஜே' என்ற எழுத்து முத்திரையாக விழுந்தது. போருக்குப் பின் லென்ட்ஸுக்கு மூன்றாண்டுச் சிறை.

நான் 'சுத்தமாக இருக்கிறது' என்று சொன்ன வரைபடமும் இந்தப் பதிவுகளிலிருந்து பிறந்ததே. ஆம்ஸ்டர்டாமில் இருந்த ஆறேகாலின் பிரதிநிதி கேட்டார். நகராட்சி அலுவலர்கள் செய்து கொடுத்தார்கள்.

மக்கள் சும்மா இருந்தார்கள் என்று சொல்வதும் தவறு. 1941 பிப்ரவரியில் 400-க்கும் மேற்பட்ட யூத இளைஞர்களைத் தெருவில் மடக்கிப் பிடித்துப் போனதைக் கண்டு, பிப்ரவரி 25 அன்று ஆம்ஸ்டர்டாமில் டிராம் ஓடவில்லை. துறைமுகமும் ஆலைகளும் நின்றன. இரண்டு நாள் நடந்த அந்த வேலைநிறுத்தத்தைத் துப்பாக்கியால் அடக்கினார்கள். நகரத்துக்கு ஒன்றரைக் கோடி கில்டர் அபராதம். இரண்டு வாரத்துக்குப் பின் ஆறேகால் அதே நகரில் பேசினார். யூதர்களை நாங்கள் டச்சுக்காரர்களாகக் கருதவில்லை, அவர்கள் எதிரிகள், அவர்களோடு சமாதானம் கிடையாது என்பதே பேச்சின் சாரம். 'உங்கள் சட்டங்கள் அப்படியே இருக்கும்' என்று சொல்லி ஓராண்டு ஆகவில்லை.

1942 மே மாதம் மஞ்சள் நட்சத்திரம். ஜூலை 15 முதல் வெஸ்டர்போர்க் முகாமிலிருந்து ஆஷ்விட்ஸுக்கு ரயில்கள். 1943 மார்ச் முதல் ஜூலை வரை ஸோபிபோருக்கு 19 ரயில்களில் 34,313 பேர். மொத்தம் 1,07,000 பேர் போனார்கள், ஏறத்தாழ 5,000 பேர் திரும்பினார்கள். புள்ளியியல் மாணவன் என்ற முறையில் ஒரு விகிதத்தை இங்கே வைக்கிறேன். போரில் கொல்லப்பட்ட யூதர்கள் பிரான்சில் நூற்றுக்கு 25 பேர், பெல்ஜியத்தில் 40, ஹாலந்தில் 75. மூன்றும் அடுத்தடுத்த நாடுகள். பிடித்ததும் ஒரே ஆட்சி. ஏன் இந்த வேறுபாடு என்று அறிஞர்கள் இன்றும் ஆராய்கிறார்கள். பெல்ஜியத்திலும் பிரான்சிலும் ஆட்சி ராணுவத்திடம் இருந்தது. ஹாலந்தில் கட்சியின் கையில் இருந்தது. ஒளிந்துகொள்ள மலையோ காடோ இல்லாத தட்டை நிலம் என்பதும் ஒரு காரணம். அந்த அட்டைகளும் ஒரு காரணம் என்பதை எல்லோரும் ஒப்புகிறார்கள். எது எவ்வளவு என்று பிரித்துச் சொல்லும் கணக்கு எனக்குக் கற்பிக்கப்படவில்லை.

அட்டைகளின் வலிமையை அன்றே உணர்ந்தவர்கள் சிலர் இருந்தார்கள். 1943 மார்ச் 27 இரவு, ஓவியர் அரோண்டேயஸ், சிற்பி ஃபன் டெர் வேன் முதலியோர் காவலர் உடையில் ஆம்ஸ்டர்டாம் பதிவு அலுவலகத்துக்குள் புகுந்தார்கள். காவலாளிகளைக் கொல்லவில்லை, கூட வந்த மருத்துவ மாணவர்கள் ஊசி போட்டுத் தூங்க வைத்தார்கள். இழுப்பறைகளைத் திறந்து அட்டைகளைத் தரையில் கொட்டித் தீ வைத்தார்கள். தீயணைப்புப் படையினர் விஷயத்தைப் புரிந்துகொண்டு மெதுவாக வந்தார்கள், வந்தபின் வேண்டியதற்கு மேல் தண்ணீரை அடித்தார்கள். அப்படியும் நூற்றுக்குப் பதினைந்து அட்டைதான் அழிந்தது. நெருக்கி அடுக்கிய காகிதம் எளிதில் எரியாது. 12 பேர் சுட்டுக் கொல்லப்பட்டார்கள்.

நம் போன்ற மாணவர்களிடமும் படிவம் வந்தது. 1943 வசந்தத்தில் ஒவ்வொரு பல்கலைக்கழக மாணவரும் ஓர் உறுதிமொழியில் கையெழுத்திட வேண்டும் என்றார் ஆறேகால். நடப்புச் சட்டங்களுக்குப் பணிவேன், ஜெர்மானிய ஆட்சிக்கு எதிராக எதுவும் செய்யேன் என்று நான்கு வரி. கையெழுத்திடாதவருக்குப் படிப்பு இல்லை. நூற்றுக்கு ஏறத்தாழ 85 பேர் மறுத்துவிட்டார்கள். மறுத்தவர்கள் ஜெர்மனிக்குக் கூலி வேலைக்கு வர வேண்டும், வராவிட்டால் பெற்றோரைப் பிடிப்போம் என்ற மிரட்டல் மே மாதம் வந்தது. மூவாயிரத்துக்கும் மேற்பட்டோர் போய் நின்றார்கள், மற்றவர்கள் தலைமறைவானார்கள்.

இந்தப் பகுதியை வாசித்துவிட்டு நூலக வாசலில் வெகுநேரம் நின்றேன். என் இடத்தில் வைத்துப் பார்த்தேன். நான் பட்டம் வாங்கினால் அப்பா லாரி ஓட்டுவதை நிறுத்தலாம் என்பது எங்கள் வீட்டுக் கணக்கு. இறுதியாண்டுக்கு முன் அந்தத் தாள் என் மேசைக்கு வந்தால்? மறுத்த 85-இல் நானும் ஒருவன் என்று இங்கே எழுத ஆசையாக இருக்கிறது. எழுதினால் அது பொய்யாக இருக்கலாம்.

1944 செப்டம்பரில் நேச நாட்டுப் படைகளுக்கு உதவியாக டச்சு ரயில்வே ஊழியர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். ஆறேகால் மேற்கு மாகாணங்களுக்கு உணவு போவதைத் தடுத்தார். பின்னர் தடையைத் தளர்த்தியபோது கால்வாய்கள் உறைந்துவிட்டன. பெரிய நகரங்களில் ஒரு நாளைக்கு ஆயிரம் கலோரிக்கும் மிகக் குறைவான உணவு. பூ விற்கும் நாட்டில் டியூலிப் கிழங்கை அவித்துத் தின்றார்கள். ஏறத்தாழ 20,000 பேர் இறந்தனர். அந்தக் குளிர்காலத்தில் கருவில் இருந்த குழந்தைகளைப் பிற்காலத்தில் தேடிப் பிடித்து ஆராய்ந்து, தாயின் பட்டினி பிள்ளையின் நடுவயதில் நீரிழிவாகவும் இதய நோயாகவும் வருகிறது என்று கண்டார்கள். மருத்துவப் புள்ளியியலில் புகழ்பெற்ற ஆய்வு அது. பிறப்புக் குறிப்புகளும் முகவரிகளும் ஒழுங்காக வைக்கப்பட்டிருந்ததால்தான் அந்த ஆய்வு முடிந்தது! இந்த ஒரு செய்தியால் பதிவேடுகளையே வெறுத்துவிடலாம் என்றிருந்த என் எண்ணம் குழம்பிப்போனது.

தோல்வி நெருங்கியதும் ஆறேகால் மாறினார். அணைகளையும் கட்டுமானங்களையும் அழிக்கச் சொன்ன மேலிட உத்தரவைப் பெரும்பாலும் நடக்க விடவில்லை. 1945 ஏப்ரல் 30 அன்று நேச நாட்டுத் தளபதிகளைச் சந்தித்து, விமானத்திலிருந்து உணவு போட இசைந்தார். மே மாதம் பிடிபட்டார்.

நியூரம்பர்க் விசாரணையில் கைதிகளுக்கு அறிவுத்திறன் தேர்வு வைத்தார்கள். ஆறேகாலுக்கு 141, அவருக்கு மேல் மதிப்பெண் வாங்கியவர் ஒருவரே. அவர் வாதம் இதுதான்: சிலவற்றுக்கு உத்தரவு பெர்லினிலிருந்து வந்தது, சிலவற்றைப் படை செய்தது, சிலவற்றைக் காவல்துறை செய்தது, என்னால் முடிந்தவரை கடுமையைக் குறைத்தேன். அவர் சில இடங்களில் குறைத்தது உண்மை என்று தீர்ப்பே ஒப்புக்கொள்கிறது. சுடப்படும் பிணையாளிகளின் எண்ணிக்கையைக் குறைக்கச் சொன்னார் என்கிறது. ஆனால் தெரிந்தே, விரும்பியே பங்கு கொண்டார் என்று முடிவு செய்தது. நாலு குற்றச்சாட்டில் மூன்றில் குற்றவாளி. 1946 அக்டோபர் 16 அதிகாலை தூக்கிலிடப்பட்ட பத்துப் பேரில் கடைசி ஆள் அவர். ஹான்ஸ் ஃபிராங்கும் அந்தப் பத்தில் உண்டு. உடல்களை எரித்துச் சாம்பலை ஆற்றில் கரைத்தார்கள், கல்லறை என்று ஒன்று இருக்கக் கூடாது என்பதற்காக.

ஆம்ஸ்டர்டாமில் 2021-இல் ஒரு நினைவகம் திறக்கப்பட்டது. ஒரு செங்கல்லுக்கு ஒரு பெயராக 1,02,000-க்கும் மேற்பட்ட பெயர்கள். பதிவேடு இருந்ததால் கொல்லப்பட்டவர்களின் பெயர்கள், பதிவேடு இருந்ததால் அந்தச் சுவரிலும் இருக்கின்றன.

இதை நான் எழுதி முடிக்கும் தறுவாயில் கணக்கெடுப்பின் கடைசி நாளும் வந்தது. கால்வாய் ஓரத்துக் கடைசி வீட்டில் எண்பதைத் தாண்டிய ஆயா ஒருவர். பெயர் சொல்லத் தயங்குவார் என்று நினைத்தேன். அவரோ, "உக்காரு கண்ணு. எல்லாப் பேரையும் எழுது. ஒண்ணையும் உடாதே" என்று மகன், மருமகள், பேரன், பேத்தி, வெளியூரில் கட்டிக்கொடுத்த மகள் வரை சொன்னார். அவர் மலாயாவில் ரப்பர்த் தோட்டத்தில் பிறந்தவர். ஜப்பான்காரன் ஆட்சியில் அவருடைய அப்பாவைச் சயாம் ரயில் பாதைக்குக் கூட்டிப் போனார்கள். அப்போது ஆயாவுக்கு மூன்று வயது. போர் முடிந்து தாயும் மகளும் கப்பலேறிச் சென்னை வந்தார்கள். அப்பா வரவில்லை.

415 கிலோமீட்டர் நீளமுள்ள அந்தப் பாதையில் 12,000-க்கும் மேற்பட்ட நேச நாட்டுப் போர்க் கைதிகள் இறந்தார்கள். தாய்லாந்தின் காஞ்சனபுரியில் ஏறத்தாழ 7,000 கல்லறைகள் உண்டு. அவற்றில் 1,900 அளவில் டச்சு வீரர்களுடையவை. தமிழர், பர்மியர், மலாய்க்காரர், ஜாவாக்காரர் என்று அங்கே மடிந்த ஆசியத் தொழிலாளர்கள் எத்தனை பேர் என்பதற்கு மதிப்பீடுகள்தாம் உண்டு. 80,000 என்றும் ஒரு லட்சம் என்றும் சொல்கிறார்கள். இருபதாயிரம் வித்தியாசம். அவர்களுக்குப் பெயர்ப் பட்டியல் இல்லை.

"எங்கப்பா பேரு எந்த ஊரு லிஸ்ட்டுலயும் இல்லைன்னு சொல்லிட்டாங்க கண்ணு" என்றார் ஆயா. "நீ காலேஜ் புள்ளை. உன் பேப்பர்ல அவரையும் எழுதிக்கோ."

எங்கள் படிவத்தில் இறந்தவர்களுக்குக் கட்டம் இல்லை. குடிநீர்க் குழாய் எத்தனை என்ற கேள்விக்குப் பக்கத்தில், ஓரத்து வெள்ளையில் அந்தப் பெயரை எழுதினேன். "என்ன எழுதினே, படிச்சுக் காட்டு" என்றார். படித்துக் காட்டினேன். ஓர் எழுத்தைத் திருத்தச் சொன்னார், திருத்தினேன். அந்தத் தாள் மற்றத் தாள்களோடு கட்டி எங்கள் துறை அலமாரியில் இருக்கிறது.